கங்காலூர்ச் சாலையை நடந்து பார்த்தவர்

(கட்சி உறுப்பினர்களுக்கான பயிலரங்கில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



"ஊழலும் ஊடகமும்" என்னும் தலைப்பை எனக்கு ஒதுக்கியிருக்கிறீர்கள். போபர்ஸ் பீரங்கியில் தொடங்கித் தேர்தல் பத்திரங்களில் வந்து முடிப்பது இத்தலைப்பில் பேசுவோரின் வழக்கம். அவ்வழியே செல்ல எனக்கு விருப்பமில்லை. தலைநகர் ஊழல்களைப் பற்றி நம் ஏட்டிலேயே வேண்டிய மட்டும் எழுதியாயிற்று. அவற்றில் பாதியை மொழிபெயர்த்தவன் நான். இன்று ஒரு மாவட்டச் சாலையைப் பற்றியும், அதனை நடந்து பார்த்துச் சொன்ன ஓர் இளைஞரின் பணிவாழ்க்கையைப் பற்றியும் மட்டும் பேச அனுமதி வேண்டுகிறேன். அவர் பெயர் முகேஷ் சந்திராகர். சத்தீஸ்கர் மாநிலம் பீஜாப்பூர் மாவட்டத்தைச் சேர்ந்தவர். கருநாடகத்துப் பிஜாப்பூர் வேறு. இது பஸ்தர் வனப்பகுதியின் தென்மேற்கு மூலையில், தெலங்கானா, மராட்டிய எல்லைகளை ஒட்டிக் கிடக்கும் மாவட்டம். தந்தேவாடாவிலிருந்து 2007இல் பிரிக்கப்பட்டது.

முடிவை முதலில் சொல்லிவிடுகிறேன். 2025 ஜனவரி 1 மாலை வீட்டிலிருந்து புறப்பட்ட முகேஷ் திரும்பவில்லை. அவருடைய அண்ணனும் ஊடகத் தொழிலில் இருப்பவர். மறுநாள் காவல் துறையிடம் முறையிட்டார். ஜனவரி 3 அன்று, பீஜாப்பூர் நகரத்தில் சாலை ஒப்பந்தக்காரர் ஒருவருக்குச் சொந்தமான வளாகத்தில், புதிதாகக் கான்கிரீட் பூசி மூடப்பட்டிருந்த கழிவுநீர்த் தொட்டிக்குள் அவரது உடல் கண்டெடுக்கப்பட்டது. பிணக்கூறாய்வு அறிக்கையில் கண்ட காயங்களை நான் இங்கே விவரிக்கப் போவதில்லை. ஒப்பந்தக்காரர் ஓரிரு நாளில் ஐதராபாத்தில் கைதானார். அவருடைய உடன்பிறந்தார் உள்ளிட்ட வேறு சிலரும் கைதாயினர். சிறப்புப் புலனாய்வுக் குழு அமைந்தது. அவ்வாண்டு மார்ச்சில் குற்றப்பத்திரிகை தாக்கலாயிற்று. குற்றம் சாட்டப்பட்டோர் பெயர்களைச் சொல்லாமல் விடுகிறேன். தீர்ப்பு எழுதுவது நீதிமன்றத்தின் வேலை. நமக்கு வேண்டியது அதற்கு முன்னே நடந்தது.

முகேஷ் பிறந்த ஊர் பசாகுடா. அவ்வூரின் பெயரை நம் தோழர்கள் கேள்விப்பட்டிருக்கக்கூடும். 2005இல் அரசின் ஆதரவோடு கிளம்பிய சல்வா ஜூடும் என்னும் ஆயுதக் கும்பல் பஸ்தரின் ஊர்களைக் காலி செய்தபோது, ஆள் அரவமற்றுப் போன ஊர்களில் பசாகுடாவும் ஒன்று. தந்தையைச் சிறுவயதிலேயே இழந்த முகேஷை அங்கன்வாடி ஊழியரான தாய் வளர்த்தார். அக்குடும்பம் ஊரைவிட்டு நிவாரண முகாமுக்குச் சென்றது. நிவாரணம் என்ற சொல்லுக்கு அங்கே என்ன பொருள் என்பதை 2011 ஜூலையில் உச்சநீதிமன்றம் அளித்த தீர்ப்பைப் படித்தோர் அறிவர். பழங்குடி இளைஞரைச் சிறப்புக் காவலர் என்ற பெயரில் ஆயுதமேந்தச் செய்தது அரசமைப்புக்கு முரணானது என்று அத்தீர்ப்பு கூறிற்று. தாய் பின்னர் புற்றுநோயால் மறைந்தார். இலுப்பைப்பூ விற்றும், இருசக்கர வண்டிப் பட்டறையில் வேலை பார்த்தும் வாழ்ந்து, பிறகே செய்தித் தொழிலுக்கு வந்தவர் முகேஷ். இதழியல் கல்லூரி எதுவும் அவரை உருவாக்கவில்லை.

அதே பசாகுடாவில் நடந்த இன்னொன்றையும் சொல்ல வேண்டும். சாய் ரெட்டி என்ற மூத்த செய்தியாளர் அப்பகுதியில் பணியாற்றிவந்தார். மாவோயிஸ்டுகளுக்கு உதவினார் என்று கூறி 2008இல் காவல் துறை அவரைச் சிறப்புப் பாதுகாப்புச் சட்டத்தின்கீழ்ச் சிறையிலிட்டது. 2013 டிசம்பரில், காவல் துறைக்கு வேண்டியவர் என்று கூறி மாவோயிஸ்டுகள் அவரைப் பசாகுடாவில் வெட்டிக் கொன்றனர். இரு தரப்பும் ஒரே மனிதர்மீது நேர் எதிரான இரு பழிகளைச் சுமத்தின. அந்த மண்ணில் செய்தி சேகரிப்பது என்றால் என்னவென்று முகேஷ் தொழிலுக்கு வருமுன்பே அறிந்திருப்பார்.

அவருடைய பணிமுறையை இன்றைய சொல்லில் சுயேச்சைப் பத்திரிகையாளர் என்கிறோம். வெவ்வேறு தொலைக்காட்சிகளுக்குச் செய்தியும் காட்சியும் அனுப்பினார். கூடவே 'பஸ்தர் ஜங்ஷன்' என்ற பெயரில் சொந்தமாக ஒரு யூடியூப் அலைவரிசை நடத்தினார். அதற்கு ஒன்றரை இலட்சத்துக்கும் மேற்பட்ட சந்தாதாரர்கள் இருந்தனர். 2021 ஏப்ரலில் பீஜாப்பூர்–சுக்மா எல்லையில் மாவோயிஸ்டுகளின் தாக்குதலில் 22 பாதுகாப்புப் படையினர் மாண்டதும், ஒரு வீரர் சிறைபிடிக்கப்பட்டதும் நினைவிருக்கும். அவ்வீரரை மீட்கக் காட்டுக்குள் சென்ற குழுவில் முதிய காந்தியவாதி ஒருவரும், பழங்குடிச் சமூகப் பெரியோரும், உள்ளூர்ச் செய்தியாளர் சிலரும் இருந்தனர். அச்செய்தியாளர்களுள் முகேஷும் ஒருவர். அவ்வாரம் நாடெங்கும் அக்காட்சிகள் ஓடின. படம் எடுத்தவர் யார், காட்டுக்குள் வழி அறிந்தவர் யார் என்று எவரும் கேட்கவில்லை. நானும் கேட்கவில்லை. அச்செய்தியை நம் ஏட்டுக்கு ஐந்து வரியில் சுருக்கிய நினைவு.

இனிச் சாலைக்கு வருகிறேன்.

நேலசனாரிலிருந்து மிர்த்தூர் வழியாகக் கங்காலூர் செல்லும் சாலை பீஜாப்பூர் மாவட்டத்தில் உள்ளது. இடதுசாரித் தீவிரவாதம் பாதித்த பகுதிகள் என்று ஒன்றிய அரசு பெயரிட்டிருக்கும் மாவட்டங்களில் கடந்த பதினைந்தாண்டுகளாகப் பெருந்தொகை ஒதுக்கிப் போடப்பட்டுவரும் சாலைகளின் வரிசையில் வைத்து இதனைப் பார்க்க வேண்டும். ஐம்பது கோடி ரூபாய் அளவில் தொடங்கிய பணி, வேலையின் அளவு கூடாமலே நூற்றிருபது கோடியாக வளர்ந்தது என்று செய்திகள் கூறின. 2024 டிசம்பர் கடைசி வாரத்தில் என்டிடிவி தொலைக்காட்சி இச்சாலையின் தரக்கேட்டைக் காட்டியது. களத்தில் அச்செய்திக்குத் துணைநின்றவர் முகேஷ். ஒளிபரப்புக்குப் பின் அரசு விசாரணைக்கு ஆணையிட்டது. அடுத்த சில நாளில் அவர் காணாமற்போனார். அச்செய்தியே கொலைக்குக் காரணம் என்பது புலனாய்வுக் குழுவின் தரப்பு.

சாலை ஊழல் எப்படி நடக்கிறது என்பதைச் சற்று விரித்துச் சொல்ல வேண்டும். ஏனெனில் ஊழல் என்றதும் நம் மனத்தில் தோன்றுவது பணப்பெட்டி. சாலையில் பெட்டி கிடையாது; அடுக்குகள்தான் உண்டு. கீழே மண், அதன்மேல் சரளை, அதன்மேல் உடைகல், மேலே தார். ஒவ்வோர் அடுக்கும் இத்தனை கனம் இருக்க வேண்டும் என்று மதிப்பீட்டில் எழுதியிருக்கும். அடுத்த அடுக்கு விழுந்ததும் முந்தையது கண்ணுக்கு மறைந்துவிடும். ஆகவே ஒவ்வோர் அடுக்கும் போடப்படும்போதே பொறியாளர் நேரில் சென்று அளந்து அளவுப் புத்தகத்தில் பதிய வேண்டும்; அப்பதிவை வைத்தே ஒப்பந்தக்காரரின் பட்டியலுக்குப் பணம் தரப்படும். போகாமலே அளந்ததாகப் பதிவு எழுதப்பட்டால், இல்லாத கல்லுக்கும் ஊற்றாத தாருக்கும் பணம் கிடைத்துவிடும். அதன்பின் உண்மையை அறிய இரண்டே வழி: சாலையைத் துளையிட்டுப் பார்க்கலாம், அல்லது ஒரு மழைக்காலம் காத்திருக்கலாம்.

நம் ஊர்ப் பக்கம் இதற்குச் சில தடைகள் உண்டு. பேருந்து ஓட்டுநர் திட்டுவார். ஊராட்சி உறுப்பினர் மனுக் கொடுப்பார். பங்கு கிடைக்காத இன்னோர் ஒப்பந்தக்காரராவது மொட்டைக் கடிதம் போடுவார். பஸ்தரில் இவையெல்லாம் இல்லை. போட்டிக்கு வருவோர் குறைவு, ஆகவே சிலருக்கே எல்லா வேலையும். அதிகாரி களத்துக்குப் போகவில்லையா? பாதுகாப்புக் காரணம். விலை ஏன் கூடிற்று? பாதுகாப்புக் காரணம். கெடு ஏன் நீண்டது? அதற்கும் அதே விடை. பாதுகாப்பு என்ற ஒற்றைச் சொல் தணிக்கையாளர் எழுதக்கூடிய எல்லாக் கேள்விகளையும் அடைத்துவிடுகிறது.

அந்தப் பாதுகாப்பு எவருடையது? 2017 ஏப்ரலில் சுக்மா மாவட்டம் புர்க்காபாலில் 25 மத்திய ரிசர்வ் காவற்படையினர் கொல்லப்பட்டனர். அவர்கள் காவல் நின்றது சாலைப் பணிக்கு. அவர்களும் ஏழை உழவர் வீட்டுப் பிள்ளைகளே. சாலையை எதிர்த்துக் குண்டு வைப்போர் ஒருபுறம், சாலையைக் காக்க உயிர்விடுவோர் மறுபுறம். நடுவே ஒருவர் தாரின் கனத்தைக் குறைத்து மாளிகை கட்டுகிறார். பழங்குடி மக்களுக்கோ அச்சாலை வேண்டுமா, எதற்கு வேண்டும் என்ற கேள்வியே ஒருபோதும் கேட்கப்பட்டதில்லை. அண்மையில்தான் பைலாடிலா மலைத்தொடர், அதன் இரும்புக்கனி. சாலை யாருக்காக என்பதை மலையைப் பார்த்தால் ஊகிக்கலாம். எனினும் கருவுற்ற பெண்ணை மருத்துவமனைக்குக் கொண்டுசெல்லவும் அதே சாலைதான். அது முதல் மழையில் கரைந்தால் வலி எவருக்கு?

இதனை இவ்வளவு விரித்ததற்கு நமக்குள்ளே ஒரு காரணம் உண்டு. ஊழல் எதிர்ப்பு என்பது நடுத்தர வர்க்கத்தின் ஒழுக்கக் கவலை, சுரண்டலே சட்டபூர்வமாக நடக்கும் சமூகத்தில் சட்டவிரோதக் கொள்ளையை மட்டும் பெரிதுபடுத்துவது திசைதிருப்பல் என்று கருதும் தோழர்கள் இருக்கிறார்கள். 2011இல் தில்லி மைதானத்தில் கூடிய கூட்டமும், அது எங்கே போய்ச் சேர்ந்தது என்பதும் அக்கருத்துக்கு வலுச் சேர்த்தன. நானும் ஒரு காலத்தில் அப்படிப் பேசியிருக்கிறேன். பீஜாப்பூர்ச் சாலையைப் பற்றிப் படித்தபின் அப்படிப் பேச இயலவில்லை. ஒப்பந்தக்காரர், பொறியாளர், அரசியல்வாதி ஆகிய மூவரின் கூட்டே அங்கே ஆளும் வர்க்கத்தின் உள்ளூர் வடிவம். அதன் கணக்கு எழுதப்படுமிடம் அளவுப் புத்தகம். அதைப் படிக்கத் தெரிந்தவர் வர்க்க ஆய்வுதான் செய்கிறார், அவர் அப்பெயரால் அழைக்காவிட்டாலும்.

இவ்விடத்தில் மொழிபெயர்ப்பாளன் என்ற முறையில் சில சொற்களைப் பற்றிச் சொல்ல ஆசை, பொறுத்தருள்க. ஃப்ரீலான்ஸ் என்ற சொல்லை வால்ட்டர் ஸ்காட்டின் 'ஐவன்ஹோ' புதினத்தில் காணலாம். எந்த அரசனின் கொடிக்கும் நிரந்தரமாகக் கட்டுப்படாமல், கூலி தருவோருக்கு ஈட்டி பிடிக்கும் வீரன் என்பது அங்கே பொருள். நாம் அதைச் சுதந்திரப் பத்திரிகையாளர் என்று பெயர்க்கும்போது கூலி மறைந்து சுதந்திரம் மட்டும் மிஞ்சுகிறது. ஸ்ட்ரிங்கர் என்பது மற்றொரு சொல். அச்சான செய்தியின் நீளத்தை நூலால் அளந்து காசு கொடுத்த பழக்கத்திலிருந்து வந்ததென்பர். தமிழில் பகுதிநேர நிருபர் என்கிறோம். அவருக்கு நாள் முழுதும் அதுவே வேலை. பகுதியாக இருப்பது வருமானம் மட்டும். திருக்குறளில் ஒற்றாடல் என்று ஓர் அதிகாரம் உண்டு. அரசனுக்கு நாட்டில் நடப்பதைத் தெரிவிக்கும் ஒற்றனுக்கு அரசன் படியளந்தான். மக்களுக்கு நாட்டில் நடப்பதைத் தெரிவிப்பவருக்குப் படியளப்பவர் யார்?

'மூலதனம்' முதல் தொகுதியில் துண்டுவீதக் கூலி பற்றிய இயலை மறுபடி படியுங்கள். பொருளுக்கு விலை தருவதுபோன்ற தோற்றத்தில் உழைப்புக்கே கூலி தரப்படுவதையும், தொழிலாளி தானே தன்னை விரட்டி உழைப்பதையும், இடைத்தரகர் நுழைவதற்கு அம்முறை வசதி செய்வதையும் மார்க்ஸ் காட்டியிருக்கிறார். ஒரு செய்திக்கு இவ்வளவு என்று பெறுகிறவரின் நிலை அதுவே. வண்டி அவருடையது, பெட்ரோல் அவருடையது, படக்கருவி அவருடையது. ஆபத்தும் அவருடையதே. செய்தி எடுபடாவிட்டால் கூலி இல்லை. யூடியூப் வந்தபின் விடுதலை கிடைத்துவிட்டதாகச் சிலர் எழுதுகின்றனர். ஆசிரியரின் கத்தரிக்கோல் நீங்கியது உண்மை. முகேஷ் போன்றோர்க்கு அது பெரிய வரம். ஆயினும் விளம்பர வருவாயில் பங்கு பிரிப்பவர் வேறொரு நாட்டில் இருக்கிறார், அவரிடம் ஊதிய ஒப்பந்தம் பேச முடியாது, கழிவுநீர்த் தொட்டியருகே வந்து நிற்கவும் அவர் வரமாட்டார்.

சட்டத்தைப் பார்ப்போம். 1955ஆம் ஆண்டின் உழைக்கும் பத்திரிகையாளர் சட்டம், முழுநேரமாகவோ பகுதிநேரமாகவோ வேலைக்கு அமர்த்தப்பட்டவர் என்றே பத்திரிகையாளரை வரையறுத்தது. பகுதிநேரத்தாரை அது விலக்கவில்லை என்பதைக் கவனியுங்கள். தொழிற்சங்கங்கள் போராடிப் பெற்ற சொல் அது. 2020ஆம் ஆண்டின் பணிநிலைமைகள் தொகுப்புச் சட்டம் இச்சட்டத்தைத் தன்னுள் விழுங்கியது. மின்னணு, எண்ணிம ஊடகங்களையும் வரையறைக்குள் சேர்த்துக்கொண்டது. முன்னேற்றம்போலத் தோன்றும். ஆனால் "அமர்த்தப்பட்டவர்" என்ற வாசல் அப்படியே இருக்கிறது. அமர்த்தினோம் என்று ஒப்புக்கொள்ளும் முதலாளி இல்லாத இடத்தில் அவ்வாசல் பூட்டிய கதவு.

சத்தீஸ்கர் சட்டப்பேரவை 2023 மார்ச்சில் ஊடகத்தார் பாதுகாப்புச் சட்டம் ஒன்றை நிறைவேற்றியது. செய்தியாளராகப் பதிவு பெற, அண்மை மாதங்களில் வெளியான ஆக்கங்கள், ஊடக நிறுவனம் பணம் கொடுத்ததற்கான சான்று, அடையாள அட்டை போன்றவற்றுள் ஒன்றையாவது காட்ட வேண்டும். அச்சட்டம் நிறைவேறி இரண்டாண்டு முடியுமுன்பே முகேஷ் கொல்லப்பட்டார். சட்டத்தின் குறைகளைப் பற்றி வழக்கறிஞர் தோழர்கள் என்னைவிடத் தெளிவாகச் சொல்வர்.

இது பஸ்தருக்கு மட்டும் உரியதன்று. 2015 ஜூனில் உத்தரப் பிரதேசத்தின் ஷாஜகான்பூரில் தீக்காயமுற்று மாண்ட ஜகேந்திர சிங் முகநூலில் எழுதிவந்தவர். 2018 மார்ச்சில் மத்தியப் பிரதேசத்தின் பிண்டில் சரக்குந்து ஏறி இறந்த சந்தீப் சர்மா மணற்கொள்ளையைப் பற்றிச் செய்தி தந்தவர். 2023 பிப்ரவரியில் மராட்டியத்தின் ராஜாப்பூரில் வாகனம் மோதி இறந்த சசிகாந்த் வாரிசே, சுத்திகரிப்பு ஆலையை எதிர்த்த மக்களின் பக்கம் நின்று எழுதியவர். சிற்றூர்கள், சிற்றேடுகள், தாய்மொழிச் செய்தியாளர்கள். தில்லி ஊடகம் இவர்களின் பெயரை அறிந்தது இவர்கள் இறந்தபின்.

முகேஷ் சொன்ன சாலையைப் பற்றி ஒன்று சொல்லி முடிக்காமல் விட்டேன். 2025இல் அச்சாலைப் பணியின் முறைகேடு தொடர்பான வழக்கில் பொதுப்பணித் துறை அலுவலர் சிலர் கைது செய்யப்பட்டனர். அளவுப் புத்தகத்தைத் திறந்து பார்ப்பதற்கு அரசுக்கு ஓர் உயிர் தேவைப்பட்டது.

இனி நம் பக்கம் திரும்புகிறேன். மார்க்சின் முதல் வேலை பத்திரிகை வேலை என்பது நாம் அறிந்ததே. 1842 அக்டோபரில், 24 வயதில், 'ரைன் செய்தித்தாளின்' ஆசிரியப் பொறுப்பை ஏற்றார். விறகுத் திருட்டுச் சட்டம் பற்றிய கட்டுரைகளை நம் வகுப்புகளில் அடிக்கடி எடுத்துக்காட்டுகிறோம். அவற்றை அடுத்து வந்த மோசல் கட்டுரைகளை அவ்வளவாகப் பேசுவதில்லை. மோசல் ஆற்றங்கரைத் திராட்சை உழவர்களின் வறுமை பற்றி உள்ளூர் நிருபர் ஒருவர் பெயரின்றி எழுதிய செய்திகளைப் பொய் என்று ரைன் மாகாண ஆளுநர் மறுத்து, ஆதாரம் கேட்டார். நிருபரைக் கைவிட்டுத் தப்பித்துக்கொள்வது எளிது. மார்க்ஸ் ஆவணங்களைத் திரட்டித் தாமே எழுதத் தொடங்கினார். 1843 ஜனவரியில் வந்த அத்தொடரின் தலைப்பே மோசல் நிருபரின் தரப்பை நிலைநாட்டுவது என்ற பொருளில் அமைந்தது. திட்டமிட்ட ஐந்து பகுதிகளில் இரண்டே வெளியாயின. ஏட்டுக்குத் தடை வந்தது. பொருளாதாரக் கேள்விகளின்பால் தம்மை முதலில் திருப்பியவை விறகும் மோசலும் என்று 1859இல் அவரே திரும்பிப் பார்த்து எழுதினார். ஒரு நிருபருக்காகச் சண்டையிடப் புகுந்தவர் எங்கே போய்ச் சேர்ந்தார் பாருங்கள்.

நான் என்ன செய்தேன் என்பதையும் சொல்ல வேண்டும். பல ஆண்டுகளுக்கு முன் பஸ்தரிலிருந்து வந்த ஓர் ஆங்கிலக் கட்டுரையை நம் ஏட்டுக்கு மொழிபெயர்த்தேன். கட்டுரையின் கடைசியில் ஒரு வரி: கூட வந்து வழிகாட்டி, மொழிபெயர்த்து, புகைப்படமும் எடுத்துத் தந்த உள்ளூர்ச் செய்தியாளர் இருவரின் பெயர்கள். பக்கத்தில் இடமில்லை. அந்த வரியை வெட்டினேன். மொழிபெயர்த்தவன் என்று என் பெயர் மட்டும் ஒழுங்காக அச்சாயிற்று. அப்போது அது குற்றமாகத் தோன்றவில்லை. முகேஷின் செய்தியைப் படித்த இரவு அப்பழைய இதழைத் தேடி எடுத்துப் பார்த்தேன். அவ்விருவர் யார் என்று எனக்கு நினைவில்லை. மூலப் படியும் என்னிடம் இல்லை. வெளியான ஆக்கம்தான் செய்தியாளர் என்பதற்குச் சான்று என்று ஒரு சட்டம் சொல்லும் மாநிலத்தில், நான் வெட்டியது வெறும் நன்றிக் குறிப்பு அன்று.

ஆசிரியர் குழுவுக்கு ஒரு கடிதம் கொடுத்திருக்கிறேன். வெளிமாநிலச் செய்திகளைத் தமிழாக்கும்போது உள்ளூர்ச் செய்தியாளரின் பெயரையும் சேர்த்தே வெளியிட வேண்டும்; பெயர் வெளிவருவதால் அவருக்கு ஆபத்தென்றால் அவரையே கேட்டு முடிவு செய்ய வேண்டும்; படத்துக்கும் செய்திக்கும், நம்மால் இயன்ற சிறு தொகையாயினும், கூலி அனுப்ப வேண்டும். விடை இன்னும் வரவில்லை. இடப் பற்றாக்குறையைச் சொல்வார்கள் என்று எதிர்பார்க்கிறேன். இருபத்தைந்தாண்டாக நானே பிறருக்குச் சொல்லிவந்த விடை அது. உங்கள் கிளைகளிலிருந்தும் இதனை வலியுறுத்தி எழுதினால் எனக்குத் துணையாக இருக்கும்.

கேள்விகளுக்கு நேரம் விட வேண்டும் என்று தலைவர் சைகை காட்டுகிறார். நிறுத்திக்கொள்கிறேன்.